காயத்துக்குப் பிறகு ஒரு ஜிம்னாஸ்ட் எப்படித் திரும்பி வருகிறார்?

2017-ல் கனடாவின் மொன்ட்ரியாலில் உலக ஆர்ட்டிஸ்டிக் ஜிம்னாஸ்டிக்ஸ் சாம்பியன்ஷிப் நடந்தது. அந்த ஒரே போட்டியில் விழுந்த விக்கெட்டுகளைப் பாருங்கள். பிரேசிலின் ரெபேகா ஆண்ட்ரேடுக்கு முழங்கால் ஜவ்வு கிழிந்தது. ருமேனியாவின் லாரிசா இயோர்டாகேவுக்கு வார்ம்-அப்பிலேயே குதிகாலுக்கு மேலுள்ள அக்கிலிஸ் நாண் அறுந்தது. அமெரிக்காவின் ராகன் ஸ்மித் இறுதிச் சுற்றுக்கு முந்தைய வார்ம்-அப்பில் கணுக்காலைப் பிசகிக்கொண்டார். தொடர்ந்து ஆறு முறை உலகப் பட்டம் வென்றிருந்த ஜப்பானின் கோஹெய் உச்சிமுரா, வால்ட்டில் தரையிறங்கும்போது கணுக்காலில் அடிபட்டு வெளியேறினார். இத்தாலியின் வனெசா ஃபெராரிக்கு ஃப்ளோர் இறுதிச் சுற்றின் நடுவே அக்கிலிஸ் போனது.

ஐவருமே உலகத் தரத்தில் இருந்தவர்கள், அனுபவமும் நல்ல பயிற்சியாளர்களும் உள்ளவர்கள். அப்படியும் ஒரே வாரத்தில் இத்தனை காயம். இதில் ஆண்ட்ரேடும் ஃபெராரியும் நான்கு ஆண்டு கழித்து டோக்கியோவில் ஒலிம்பிக் பதக்கத்தோடு நின்றார்கள். இடையில் என்ன நடந்தது? பத்திரிகைகள் இதற்கு 'மன உறுதி' என்று ஒரே வார்த்தையில் பதில் சொல்லிவிடும். எனக்கு அந்தப் பதிலில் திருப்தி இல்லை. மன உறுதி வீட்டோடு போனவர்களுக்கும் இருந்தது. திரும்பி வந்தவர்கள் எதைக் குறைத்துக்கொண்டார்கள், எதை விட்டுக்கொடுத்தார்கள் என்று பார்த்தால்தான் கதை புரியும்.

விளையாட்டே புதிது என்பவர்களுக்குச் சுருக்கமாக. ஆர்ட்டிஸ்டிக் ஜிம்னாஸ்டிக்ஸில் பெண்களுக்கு நான்கு கருவிகள்: ஓடிவந்து மேசையில் கையூன்றிப் பறக்கும் வால்ட், உயரம் மாறுபட்ட இரண்டு கம்பிகள், 10 சென்டிமீட்டர் அகலமே உள்ள பேலன்ஸ் பீம், 12 மீட்டர் சதுரமான ஃப்ளோர். ஆண்களுக்கு ஆறு: ஃப்ளோர், இரண்டு கைப்பிடிகள் உள்ள பொம்மல் ஹார்ஸ், வளையங்கள், வால்ட், இணைக்கம்பி, உயரமான ஒற்றைக் கம்பியான ஹை பார். எல்லாக் கருவிகளிலும் சேர்த்துப் போட்டியிடுவது ஆல்-அரவுண்ட். ஒரு கருவியில் மட்டும் இறங்கிப் பதக்கத்துக்கு மோதவும் வழி உண்டு. காயம்பட்டவர்களின் வாழ்க்கையில் இந்த இரண்டாவது வழிக்குப் பெரிய பங்கு இருக்கிறது, அதற்கு அப்புறம் வருகிறேன்.

உடைவது பெரும்பாலும் தரையில்தான்

காற்றில் இரண்டு குட்டிக்கரணம், மூன்று திருகல் என்று பார்க்கும்போது நமக்கு வயிற்றைக் கலக்கும். ஆனால் காற்றில் இருக்கும்வரை உடம்புக்குப் பெரிதாக ஒன்றும் ஆவதில்லை. கால் தரையைத் தொடும் அந்த நொடியின் சிறு பகுதியில்தான் எல்லாக் கணக்கும் தீர்க்கப்படுகிறது. இரட்டைக் குட்டிக்கரணம் அடித்து இறங்கும்போது கால்கள் தாங்கும் விசை உடல் எடையைப் போல் பத்து மடங்கைத் தொடலாம். ஃப்ளோருக்கு அடியில் ஸ்பிரிங் இருக்கிறது, வால்ட்டுக்கு முன்னால் தடித்த மெத்தை இருக்கிறது. அவை கொஞ்சம் வாங்கிக்கொள்ளும். மீதியைக் கணுக்காலும் முழங்காலும் இடுப்பும் முதுகும் பங்கு போட்டுக்கொள்ள வேண்டும்.

இங்கே இந்த விளையாட்டுக்கே உரிய ஒரு முரண்பாடு உண்டு. உயரத்திலிருந்து குதிக்கும் எவரும் இயல்பாக என்ன செய்வார்? முழங்காலை நன்றாக மடக்குவார், கால்களை அகட்டி வைப்பார், தேவைப்பட்டால் உருண்டு விசையைக் கரைப்பார். உடம்புக்கு அதுதான் பாதுகாப்பு. ஜிம்னாஸ்டிக்ஸ் நடுவருக்கோ அதெல்லாம் குற்றம். ஆழமாகக் குந்தி இறங்கினால் புள்ளி போகும். சின்னதாக ஓரடி எடுத்து வைத்தால் 0.1, பெரிய அடி என்றால் 0.3. விழுந்தால் முழுதாக 1.0. இறங்கிய இடத்தில் ஆணியடித்தாற்போல் நிற்பவருக்குத்தான் கைதட்டலும் மதிப்பெண்ணும். ஆக, விசையை எப்படியெல்லாம் கரைக்க முடியுமோ அதையெல்லாம் குறைத்துக்கொண்டு இறங்கச் சொல்லி விதியே கேட்கிறது.

இதோடு திருகலும் சேர்ந்தால் முழங்காலுக்கு ஆபத்து இரட்டிப்பு. மேல் உடம்பு இன்னும் சுழன்றுகொண்டிருக்கும்போதே பாதம் மெத்தையில் பதிந்துவிட்டால், அந்தச் சுழற்சி முழுவதும் முழங்காலுக்குள் இறங்கும். தொடை எலும்பையும் கணைக்கால் எலும்பையும் மூட்டுக்குள் குறுக்காகக் கட்டி வைத்திருக்கும் ஏசிஎல் என்ற ஜவ்வு அப்போதுதான் கிழிகிறது. அக்கிலிஸின் கதை வேறு. அது பெரும்பாலும் எம்பும்போது அறுகிறது. ஓடிவந்து, பின்கரணம் போட்டு, இரண்டு பாதங்களாலும் தரையை ஓங்கி உதைத்து மேலே கிளம்பும் கணத்தில் கெண்டைக்கால் தசை முழு பலத்தோடு இழுக்கிறது. நாண் ஏற்கெனவே நைந்து போயிருந்தால் அந்த இழுப்பில் அறுந்துவிடும். அனுபவித்தவர்கள் பலர், யாரோ பின்னாலிருந்து காலில் உதைத்ததுபோல் இருந்தது என்றுதான் சொல்கிறார்கள். திரும்பிப் பார்த்தால் யாரும் இருக்க மாட்டார்கள்.

இவை ஒரே நொடியில் நடக்கும் காயங்கள். சத்தமில்லாமல் சேர்வது இன்னொரு வகை. இந்த விளையாட்டில் கைகளும் கால்களைப் போலவே உடல் எடையைச் சுமக்கின்றன. வளரும் வயதில் மணிக்கட்டு எலும்பின் வளர்ச்சித் தட்டு ஓயாமல் அழுத்தப்பட்டு வலி எடுக்கும். முதுகைப் பின்னால் வளைத்துக்கொண்டே இருப்பதால் கீழ்முதுகு எலும்பில் மயிரிழை விரிசல் விழும். தோள்பட்டை தேயும். போதுமான அளவு சாப்பிடாமல் எடையைக் குறைத்தே வைத்திருக்கும் பழக்கமும் சேர்ந்தால் எலும்பு இன்னும் பலவீனமாகும், மாதவிடாய் நிற்கும், ஆறவேண்டிய விரிசல் ஆறாது. பல பயிற்சிக்கூடங்கள் இதைப் பல காலம் கண்டும் காணாமல் இருந்தன. பெண்கள் 16 வயதை எட்டும் ஆண்டில்தான் ஒலிம்பிக்கிலும் உலகப் போட்டியிலும் இறங்கலாம் என்ற வரம்பு 1997-லிருந்து இருக்கிறது, ஆண்களுக்கு இப்போது அது 18. அந்த வயதில் பெரிய மேடைக்கு வரும் பலர் பத்தாண்டுத் தேய்மானத்தைக் கையோடு கொண்டுவருகிறார்கள்.

அறுவை சிகிச்சைக்குப் பின் வரும் மாதங்கள்

ஏசிஎல் கிழிந்தால் அதைத் தைத்து ஒட்டுவது அரிது. பெரும்பாலும் நோயாளியின் பின்தொடையிலிருந்தோ முட்டிச் சில்லுக்குக் கீழிருந்தோ ஒரு துண்டு நாணை எடுத்து, எலும்புகளில் துளையிட்டு, அதை அந்த இடத்தில் பொருத்துகிறார்கள். பலருக்குத் தெரியாத விஷயம் ஒன்று. பொருத்திய அந்தத் துண்டு முதல் சில மாதங்களில் வலுவடைவதற்குப் பதிலாக வலுவிழக்கிறது. புதிய ரத்த நாளங்கள் அதற்குள் வளர்ந்து, அது மெல்ல மெல்ல ஜவ்வாக மாற வேண்டும். அதற்குள் வலி குறைந்துவிடும், வீக்கம் வடிந்துவிடும், நடை சரியாகிவிடும். 'எனக்குச் சரியாகிவிட்டது' என்று தோன்றும் காலமும் ஜவ்வு பலவீனமாக இருக்கும் காலமும் ஒன்றின்மேல் ஒன்று விழுகின்றன. இளம் வீரர்களுக்கு மறுபடி கிழிவது அவசரத்தில்தான். குறைந்தது ஒன்பது மாதம் பொறுக்கச் சொல்வது இதனால்தான். ஒன்றரை ஆண்டு எடுத்துக்கொள்பவர்களும் உண்டு.

முதல் வாரங்களின் வேலை பார்க்கச் சலிப்பானது. படுத்தபடி தொடைத் தசையை இறுக்குவார்கள். அறுவை சிகிச்சைக்குப் பின் அந்தத் தசை மூளையின் பேச்சைக் கேட்காது, அதைப் பழக்கவே நாட்கள் ஆகும். அப்புறம் முழங்காலை முழுதாக நீட்டுவது. மற்ற விளையாட்டுகளில் ஐந்து டிகிரி நீளாமல் போனால் பார்ப்பவருக்குத் தெரியாது. ஜிம்னாஸ்டுக்கோ வளைந்த முழங்கால் என்றால் ஒவ்வொரு வித்தையிலும் புள்ளி வெட்டு. ஆகவே பிசியோதெரபிஸ்ட் குதிகாலுக்கு அடியில் துண்டைச் சுருட்டி வைத்து, முழங்கால் தானாகக் கீழே தாழும்வரை காத்திருப்பார். இப்படி வாரக்கணக்கில்.

ஆனால் இந்த விளையாட்டில் ஒரு சௌகரியமும் இருக்கிறது. கால்பந்து வீரருக்குக் கால் போனால் எல்லாம் போச்சு. ஜிம்னாஸ்டுக்குக் கை இருக்கிறது. காலில் கட்டோடு வளையத்தில் தொங்கலாம், கைகளால் நிற்கலாம், வயிற்றையும் தோளையும் பலப்படுத்தலாம். கொஞ்சம் ஆறியதும் கம்பியில் ஊசலாடலாம். இறங்குவது மட்டும் கூடாது. அதற்காகவே நுரைக் கட்டிகள் நிரப்பிய குழி உண்டு. கம்பியைச் சுற்றிப் பறந்து, முதுகு விழ அந்தக் குழிக்குள் விழுந்துவிடுவார்கள். காலுக்கு வேலையே இல்லை. அதனால் திரும்பி வருபவர்களின் வரிசை பெரும்பாலும் இப்படித்தான் அமையும்: முதலில் கம்பி, பிறகு பீம், அப்புறம் வால்ட், கடைசியாக ஃப்ளோர். பீமில்கூட முதலில் தரையில் கிழித்த கோட்டின் மேல் நடப்பார்கள், பிறகு தாழ்வான பீம், பிறகுதான் 1.25 மீட்டர் உயரமுள்ள அசல் பீம்.

குதிப்பதற்கும் படிகள் உண்டு. டிராம்போலின், நீளமான துள்ளல் தடம், குழியின் மேல் விரித்த மென்மையான மெத்தை, பிறகு தடித்த மெத்தை, கடைசியில் போட்டி மெத்தை. ஒவ்வொரு படியிலும் எத்தனை முறை தரையிறங்கினார் என்று பயிற்சியாளர் எண்ணிக் குறித்து வைப்பார். மறுநாள் காலை முழங்கால் வீங்கியிருக்கிறதா என்று பார்ப்பார்கள். வீங்கியிருந்தால் ஒரு படி கீழே. அடிபட்ட காலின் தொடை பலம் மற்றக் காலின் பலத்தில் குறைந்தது 90 சதவீதமாவது வந்திருக்கிறதா, ஒற்றைக்கால் தாவலில் இரண்டு கால்களும் ஒரே தூரம் போகின்றனவா என்று அளந்த பிறகே அடுத்த கட்டம்.

எல்லோரும் இந்த அட்டவணைப்படி போவதில்லை என்பதும் உண்மை. ரஷ்யாவின் ஆர்தர் தலலோயன் 2021 ஏப்ரலில் அக்கிலிஸ் அறுவை சிகிச்சை செய்துகொண்டு, மூன்று மாதத்தில் டோக்கியோவில் அணியோடு இறங்கித் தங்கம் வாங்கினார். வியக்கத்தக்கதுதான். யாரும் பின்பற்றக் கூடாத முன்னுதாரணமும் அதுதான்.

காற்றில் வழி தவறுவது

எக்ஸ்ரே எடுத்தாலும் ஸ்கேன் எடுத்தாலும் தெரியாத காயம் ஒன்று உண்டு. குட்டிக்கரணத்தின் நடுவே 'நான் இப்போது எங்கே இருக்கிறேன், தரை எந்தப் பக்கம்' என்ற உணர்வு ஜிம்னாஸ்டுக்குத் தானாக வரும். பல்லாயிரம் முறை செய்து பழகியது அது. சில சமயம் திடீரென்று அந்த உணர்வு அறுந்துபோகும். ஜிம்னாஸ்டுகள் இதை ட்விஸ்டீஸ் என்கிறார்கள்.

2021-ல் டோக்கியோ அணி இறுதிச் சுற்றில் அமெரிக்காவின் சிமோன் பைல்ஸுக்கு நடந்தது இதுவே. வால்ட்டில் இரண்டரைத் திருகல் செய்யக் கிளம்பியவர் ஒன்றரையிலேயே விரிந்து, தடுமாறி இறங்கினார். அத்தோடு விலகிக்கொண்டார். 'சின்ன விஷயத்துக்கெல்லாம் விலகலாமா' என்று அன்று சமூக ஊடகங்களில் எழுதிய பலருக்கு, திருகல் முடியாமல் தலைகீழாக இறங்கினால் என்ன ஆகும் என்பது தெரிந்திருக்கவில்லை. சில நாள் கழித்து பீமில் மட்டும் திரும்பினார். வழக்கமாக இறங்கும்போது செய்யும் திருகலை எடுத்துவிட்டு, திருகலே இல்லாத இரட்டைக் குட்டிக்கரணத்தோடு இறங்கி வெண்கலம் வாங்கினார். எலும்பு முறிந்தவர் கடினமான இறக்கத்தைத் தவிர்ப்பது எப்படியோ அப்படித்தான் இதுவும். 2023-ல் போட்டிக்கு மீண்டார். 2024 பாரிஸில் அணி, ஆல்-அரவுண்ட், வால்ட் மூன்றிலும் தங்கம், ஃப்ளோரில் வெள்ளி. அங்கும் தகுதிச் சுற்றில் கெண்டைக்காலில் வலி வந்து கட்டுப் போட்டுக்கொண்டுதான் ஆடினார்.

ஜவ்வு கிழிந்தவர்களுக்கும் இந்தப் பயம் வேறு வடிவில் வரும். உடம்பு தயார் என்று டாக்டர் சொல்லிவிடுவார். ஓடிவந்து, கிழிந்த அதே வித்தைக்கு முன்னால் கால் தானாக நின்றுவிடும். இதற்காக விளையாட்டு உளவியல் நிபுணரிடம் போவது இன்று உயர்மட்ட அணிகளில் சாதாரணமாகிவிட்டது.

புள்ளிக் கணக்கில் ஒரு புதிய ஜிம்னாஸ்ட்

இப்போது இந்தக் கட்டுரையின் மையத்துக்கு வருகிறேன். 2006-லிருந்து மதிப்பெண் இரண்டு பகுதிகளாகப் பிரிகிறது. செய்யும் வித்தைகளின் கடினத்துக்கு ஒரு மதிப்பெண், அதற்கு உச்சவரம்பு இல்லை. செய்த விதத்தின் சுத்தத்துக்கு 10-லிருந்து வெட்டிக்கொண்டு போகும் இன்னொரு மதிப்பெண். இரண்டின் கூட்டுத்தொகைதான் முடிவு. காயத்திலிருந்து திரும்புபவருக்கு இந்தப் பிரிவினை ஒரு வரம். கடினத்தைக் குறைத்துச் சுத்தத்தைக் கூட்டலாம். ஒரு கருவியில் இழப்பதை இன்னொரு கருவியில் பிடிக்கலாம்.

ரஷ்யாவின் அலியா முஸ்தஃபினாவைப் பாருங்கள். 2010-ல் உலக ஆல்-அரவுண்ட் சாம்பியன். 2011 ஏப்ரலில் பெர்லினில் நடந்த ஐரோப்பியப் போட்டியில், வால்ட்டில் இரண்டரைத் திருகல் முடித்து இறங்கும்போது இடது முழங்கால் ஏசிஎல் கிழிந்தது. அடுத்த ஆண்டு லண்டன் ஒலிம்பிக். அங்கே அவர் அந்த வால்ட்டைத் தொடவில்லை, இரண்டு திருகலோடு நிறுத்திக்கொண்டார். அரைத் திருகல்தானே என்று தோன்றும். அந்த அரைத் திருகல் இருந்தால் இறங்கும்போது தரை கண்ணுக்குத் தெரியாது, இல்லாவிட்டால் தெரியும். விலை என்ன? அன்றைய விதிப்படி இரண்டரைத் திருகலுக்குக் கடினம் 6.5, இரண்டு திருகலுக்கு 5.8. ஆக 0.7 புள்ளியைக் கையிலிருந்து கொடுத்துவிட்டு ஆடினார். காலுக்கு வேலை குறைந்த கம்பியில் அதைச் சேர்த்துப் பிடித்தார். கம்பி இறுதியில் 16.133 எடுத்துத் தங்கம். கூடவே அணி வெள்ளி, ஆல்-அரவுண்டிலும் ஃப்ளோரிலும் வெண்கலம் என்று மொத்தம் நான்கு பதக்கம். நான்கு ஆண்டு கழித்து ரியோவிலும் கம்பித் தங்கம் அவருக்கே.

அந்த லண்டன் ஃப்ளோர் வெண்கலத்துக்குப் பின்னால் இன்னொருவர் கதை இருக்கிறது. முஸ்தஃபினாவும் வனெசா ஃபெராரியும் 14.900 என்று சமமாக நின்றார்கள். சமநிலையை உடைக்கும் விதிப்படி பதக்கம் முஸ்தஃபினாவுக்குப் போனது. 2006-ல் உலக சாம்பியனான ஃபெராரி ரியோவிலும் ஃப்ளோரில் நான்காவது. அப்புறம் மொன்ட்ரியால், அக்கிலிஸ். அந்த நிலையில் பெரும்பாலானோர் மூட்டை கட்டியிருப்பார்கள். அவர் ஃப்ளோரை மட்டும் கையிலெடுத்து, தனிக் கருவிக்கான உலகக் கோப்பைகள் வழியாக டோக்கியோவுக்குத் தகுதி பெற்றார். 30 வயதில் வெள்ளி. அறுந்தது எந்தக் கருவியிலோ அதே கருவியில்.

ஒற்றைக் கருவி நிபுணராக மாறுவது இப்படிப் பலருக்குக் கைகொடுத்திருக்கிறது. எட்டு ஒலிம்பிக் கண்ட ஒக்சானா சுசோவிட்டினா, டோக்கியோவில் 46 வயதில் இறங்கியது வால்ட்டில் மட்டுமே. ஆயுளையே ஆல்-அரவுண்டுக்குக் கொடுத்த உச்சிமுரா, உடம்பு ஒத்துழைக்காமல் டோக்கியோவுக்கு ஹை பாரை மட்டும் தேர்ந்தெடுத்தார். தகுதிச் சுற்றில் அதிலிருந்து விழுந்தார். சரியான முடிவு எடுத்தாலும் கை நழுவலாம்.

பிரான்சின் சமீர் ஆயித் சயீத் இன்னொரு கோணம். 2012-ல் காலில் அடிபட்டு லண்டன் போச்சு. 2016-ல் ரியோ வந்தார், வால்ட்டில் இறங்கும்போது கணைக்கால் எலும்புகள் உடைந்து மடங்கின. அந்தக் காட்சியைத் தேடிப் பார்க்காதீர்கள் என்றுதான் சொல்வேன். அவருடைய பலம் வளையம். காலுக்கு அதில் இறங்கும்போது மட்டுமே வேலை. 2019-ல் உலகப் போட்டியில் வளைய வெண்கலம், டோக்கியோவில் நாட்டுக் கொடியை ஏந்தும் கௌரவம், இறுதியில் நான்காவது இடம். பாரிஸிலும் நான்காவது. ஒலிம்பிக் பதக்கம் இல்லாமலும் மீண்டு வந்த கதை முழுமையாக இருக்கலாம் என்பதற்காகவே இவரைச் சொல்கிறேன்.

அமெரிக்காவின் பிராடி மலோன் 2023-ல் ஸ்டுட்கார்ட்டில் ஹை பாரிலிருந்து இறங்கியபோது காலை உடைத்துக்கொண்டு, பல அறுவை சிகிச்சைகளுக்குப் பின் 2024-ல் பாரிஸ் அணி வெண்கலத்தில் பங்கு பெற்றார். இந்தியாவின் தீபா கர்மாகர் ரியோவில் வால்ட்டில் 15.066 எடுத்து, 0.150 புள்ளியில் வெண்கலத்தைத் தவறவிட்டவர். கையூன்றி எழும்பி முன்பக்கமாக இரண்டு குட்டிக்கரணம் அடிக்கும் புரோடுனோவா என்ற ஆபத்தான வால்ட் அவருடைய அடையாளம். 2017-ல் ஏசிஎல் அறுவை சிகிச்சை, 2018-ல் துருக்கியின் மெர்சினில் உலக சேலஞ்ச் கோப்பைத் தங்கம். 2024-ல் ஆசிய சாம்பியன்ஷிப்பில் வால்ட் தங்கம், அதே ஆண்டு ஓய்வு.

ஒரே முழங்காலில் மூன்று முறை

எல்லாவற்றையும் ஒரே வாழ்க்கையில் பார்க்க வேண்டுமென்றால் ரெபேகா ஆண்ட்ரேடிடம்தான் போக வேண்டும். 1999-ல் பிரேசிலின் குவாருல்யோஸ் நகரில், தனியாக உழைத்துப் பல பிள்ளைகளை வளர்த்த ஒரு தாய்க்குப் பிறந்தவர். 2015-ல் வலது முழங்காலில் ஏசிஎல் கிழிந்தது. அடுத்த ஆண்டு ரியோவில் சொந்த நாட்டு ரசிகர்கள் முன்னால் ஆல்-அரவுண்டில் 11-வது. 2017-ல் மொன்ட்ரியாலில் அதே முழங்கால், அதே ஜவ்வு. 2019-ல் மூன்றாவது முறை.

மூன்றாவது அறுவை சிகிச்சை முடிந்தபோது டோக்கியோ ஒலிம்பிக்குக்கு ஓராண்டுதான் இருந்தது. முறைப்படி ஆறவே அவ்வளவு காலம் பிடிக்கும், தகுதிப் போட்டிக்கு எங்கே போவது? அப்புறம் பெருந்தொற்று வந்து ஒலிம்பிக் ஓராண்டு தள்ளிப்போனது. உலகத்துக்கே கெட்ட நேரம், ஒரு ஜவ்வுக்கு மட்டும் நல்ல நேரம். 2021 ஜூனில் பான் அமெரிக்க சாம்பியன்ஷிப்பை வென்று கடைசி நேரத்தில் தகுதி பெற்றார். இந்த அதிர்ஷ்டத்தை மறைத்து அவர் கதையைச் சொல்வது நியாயமில்லை. ஆறுவதற்குத் தேவையான காலம் கிடைக்காத எத்தனையோ பேர் பெயர் தெரியாமல் போயிருக்கிறார்கள்.

டோக்கியோ ஆல்-அரவுண்ட் இறுதியில் கடைசிக் கருவி ஃப்ளோர். தங்கம் கைக்கெட்டும் தூரத்தில். ஆண்ட்ரேடுக்கு அன்று பலம் குறைவாக இல்லை, கூடிவிட்டது. இரண்டு முறை வேகம் தாங்காமல் கோட்டுக்கு வெளியே கால் வைத்தார். அமெரிக்காவின் சுனிசா லீ 57.433, ஆண்ட்ரேட் 57.298. வெள்ளி. ஒலிம்பிக் ஜிம்னாஸ்டிக்ஸில் ஒரு பிரேசில் பெண்ணுக்குக் கிடைத்த முதல் பதக்கம். சில நாளில் வால்ட்டில் 15.083 சராசரியோடு தங்கமும் வந்தது. அதில் ஒரு வால்ட், முஸ்தஃபினாவின் முழங்காலைக் கிழித்த அதே இரண்டரைத் திருகல்.

2022-ல் உலக ஆல்-அரவுண்ட் பட்டம். 2024 பாரிஸில் அணி வெண்கலம், ஆல்-அரவுண்டிலும் வால்ட்டிலும் வெள்ளி. கடைசி நாளில் ஃப்ளோர். இந்த முறை கோட்டைத் தாண்டியவர் பைல்ஸ். ஆண்ட்ரேட் 14.166, பைல்ஸ் 14.133. தங்கத்தோடு மேடையேறியபோது அவருடைய ஒலிம்பிக் பதக்கம் மொத்தம் ஆறு. பிரேசிலின் எந்த விளையாட்டிலும் அதுவரை யாரும் அத்தனை வாங்கியதில்லை.

தங்கம் வென்ற அந்த ஃப்ளோரையே அதன்பின் விட்டுவிடப் போவதாக அவர் சொன்னார். முழங்காலுக்கு அதிகம் வேலை வைக்கும் கருவி அது. பலருக்கு இது புரியவில்லை. எனக்கு அவருடைய பதக்கங்கள் எல்லாவற்றையும்விட இந்த முடிவில்தான் அவர் எப்படி இவ்வளவு காலம் தாக்குப்பிடித்தார் என்பது தெரிகிறது.

உடைந்த காலோடு ஆடுவது வீரமா?

பழைய கதைகள் வேறு மாதிரி. 1976 மொன்ட்ரியால் ஒலிம்பிக்கில் ஜப்பானின் ஷுன் ஃபுஜிமோட்டோ ஃப்ளோரில் முட்டிச் சில்லை உடைத்துக்கொண்டார். சொன்னால் அணி கலங்கும் என்று வாய் திறக்காமல் பொம்மல் ஹார்ஸில் 9.5 எடுத்தார். பிறகு வளையம். உயரத்திலிருந்து குட்டிக்கரணம் அடித்து அதே காலில் இறங்கி நின்று 9.7. அந்த இறக்கத்தில் முழங்கால் இன்னும் மோசமாகச் சிதைந்தது. ஜப்பான் 0.40 புள்ளியில் சோவியத் அணியை வென்றது.

1996 அட்லான்டாவில் 18 வயது கெரி ஸ்ட்ரக், முதல் வால்ட்டில் கணுக்கால் ஜவ்வு கிழிந்தும் இரண்டாவது வால்ட்டுக்கு ஓடி, ஒற்றைக் காலில் நின்று 9.712 எடுத்தார். பயிற்சியாளர் அவரைத் தூக்கிக்கொண்டு போகும் படம் உலகம் முழுக்கப் போனது. கணக்குப் பார்த்தால் அந்த இரண்டாவது வால்ட் இல்லாமலே அமெரிக்கா வென்றிருக்கும். அந்த நேரத்தில் அரங்கில் யாருக்கும் அது உறுதியாகத் தெரியாது, உண்மைதான். ஆனால் அந்த ஓட்டத்தோடு அவருடைய ஒலிம்பிக் வாழ்க்கையும் முடிந்தது.

இவற்றுக்கு மறுபக்கமாக எலெனா முகினாவை வைக்க வேண்டும். 1978 உலக சாம்பியனான சோவியத் வீராங்கனை. 1979-ல் கால் உடைந்தது. மாஸ்கோ ஒலிம்பிக் நெருங்குகிறது என்று கால் சரியாக ஆறுவதற்குள் பயிற்சிக்கு இழுக்கப்பட்டார். 1980 ஜூலையில், ஒலிம்பிக்குக்குச் சில நாள் முன்பு, மின்ஸ்க் பயிற்சிக்கூடத்தில் தாமஸ் சால்டோ என்ற வித்தையைச் செய்தார். தலையை ஒட்டி உருண்டு முடிய வேண்டிய ஆபத்தான வித்தை. அதற்கு எம்பும் கால் முழு பலத்தோடு தரையை உதைக்க வேண்டும். அந்த உயரம் கிடைக்கவில்லை. தாடை தரையில் மோதி கழுத்தெலும்பு முறிந்தது. கழுத்துக்குக் கீழே செயலிழந்து, 2006-ல் 46 வயதில் இறந்தார். அந்த வித்தை பிறகு பெண்களுக்குத் தடைசெய்யப்பட்டது.

ஃபுஜிமோட்டோவும் ஸ்ட்ரக்கும் தப்பித்தார்கள், முகினா தப்பிக்கவில்லை. மூவரின் துணிச்சலும் ஒரே அளவுதான். 2021-ல் பைல்ஸ் விலகியபோது அவரை ஸ்ட்ரக்கோடு ஒப்பிட்டுப் பேசியவர்கள் முகினாவின் பெயரையும் சொல்லியிருந்தால் பேச்சு வேறு மாதிரி போயிருக்கும்.

டிவியில் பார்க்கும்போது

அடுத்த முறை ஜிம்னாஸ்டிக்ஸ் பார்க்க உட்கார்ந்தால் குட்டிக்கரணங்களோடு இவற்றையும் கவனியுங்கள். எத்தனை கருவிகளுக்குப் பெயர் கொடுத்திருக்கிறார்? ஆல்-அரவுண்டுக்கு ஆடக்கூடியவர் கம்பியிலும் பீமிலும் மட்டும் இறங்கினால், எங்கோ ஒரு கால் இன்னும் தயாராகவில்லை என்று பெரும்பாலும் அர்த்தம். கணுக்காலில் டேப் எவ்வளவு தடிமன்? வார்ம்-அப்பில் இறங்கும் வித்தையை முழுதாகச் செய்கிறாரா, பாதியில் விட்டு மெத்தையில் உருள்கிறாரா? பலர் தரையிறங்கும் எண்ணிக்கையை மிச்சம் பிடிக்கவே அப்படிச் செய்கிறார்கள். திரையில் வரும் கடின மதிப்பெண்ணை அவருடைய முந்தைய ஆண்டு மதிப்பெண்ணோடு ஒப்பிட்டுப் பாருங்கள். ஃப்ளோரில் குறுக்காக ஓடிப் பறக்கும் ஓட்டங்களையும் எண்ணுங்கள். முன்பு நான்கு ஓடியவர் இப்போது மூன்று ஓடினால், அந்த நான்காவது எந்தக் காலுக்காக விடப்பட்டது என்று தேடிப் பாருங்கள்.